எழுவாய்: ஏழு முனைச் சக்கரம் ஒன்றைப் பலகையில் ஏற்றிய அனுபவம்

நீரகம் என்பது நானும் என் அக்காவின் இரண்டு பிள்ளைகளும் ஆறு ஆண்டுகளாகச் சேர்ந்து கட்டிவரும் கற்பனை உலகம். ஓர் ஐப்பசி மழை நாளில் மின்சாரம் போன இரவில் தொடங்கிய கதை. இன்று அதற்கு வரைபடம் இருக்கிறது, நாள்காட்டி இருக்கிறது, தீராத எல்லைத் தகராறு ஒன்றும் இருக்கிறது. நடுவில் ஓர் ஏரி. அதைச் சுற்றி ஏழு ஊர்கள். ஊருக்கு ஒரு மதகு. கரையிலுள்ள கல் தளத்தில் ஏழு முனை கொண்ட சக்கரம் ஒன்றைச் சுண்ணாம்பால் வரைவார்கள். தொடங்கிய கையை எடுக்காமல் வரைந்து, தொடங்கிய இடத்திலேயே முடித்தால் ஏரியின் நீர் மதகு மட்டத்துக்கு ஏறும்.

அந்தச் சக்கரத்தின் பெயர் எழுவாய். ஏழு வாய் என்றும் கொள்ளலாம், நீரைப் பார்த்து ‘நீ எழுவாய்’ என்று சொல்வதாகவும் கொள்ளலாம். பள்ளியில் எழுவாய், பயனிலை படித்துக்கொண்டிருந்த காலத்தில் மூத்தவள் வைத்த பெயர் அது. அதற்கு மேலான பெயர் எனக்குத் தோன்றியிருக்காது.

ஆனால் பெயர் இருந்த அளவுக்கு வடிவம் இல்லை. நோட்டுப் புத்தகத்தில் நான் கைப்போக்கில் வரைந்த விண்மீன் ஒன்றுதான் இத்தனை நாளும் எழுவாயாக இருந்தது. அதன் கோடுகளில் இரண்டு வளைந்திருந்தன. ஒரு முனை மற்றவற்றைவிடக் கொழுத்திருந்தது. இந்த ஆண்டுப் பொங்கல் விடுமுறைக்கு வந்திருந்தபோது சின்னவன் அதை நெடுநேரம் பார்த்துவிட்டுக் கேட்டான்: “சித்தி, எழுவாயை யாராவது சரியாக வரைந்து பார்த்திருக்கிறார்களா? வரையவே வராத ஒன்றுக்குச் சக்தி எப்படி வரும்?”

அந்தக் கேள்வி எனக்கு உறைத்தது. கற்பனை உலகத்தின் மந்திரத்துக்கும் ஒரு கைக்கணக்கு வேண்டும் என்பதில் எனக்கு எப்போதுமே பிடிவாதம் உண்டு. எதையும் வரைந்து எதையும் நடத்திவிடலாம் என்றால் அங்கே மந்திரவாதிக்கு வேலை இல்லை. அதனால் நான்கடிப் பலகை ஒன்றில் எழுவாயை முறையாக வரைந்து, வண்ணம் தீட்டி முடிப்பது என்று முடிவு செய்தோம். விடுமுறையும் அதன் பிறகு இரண்டு வார இறுதிகளும் அதற்குச் செலவாயின.

எட்டுக்கு நான்கு அளவுள்ள 12 மில்லிமீட்டர் பிளைவுட் ஒன்றை வாங்கி, கடையிலேயே நடுவில் அறுத்து இரண்டு சதுரங்களாக்கிக்கொண்டோம். மற்றவை: வெள்ளை பிரைமர், வெள்ளை எனாமல், கருநீல எனாமல், முக்கால் அங்குல மாஸ்கிங் டேப், 120, 220 எண் உப்புத்தாள், இரண்டு ரீப்பர் துண்டுகள் (மெல்லிய மரச்சட்டங்கள்), ஆணிகள். பலகைக்குப் பிரைமர் அடித்து, உப்புத்தாள் போட்டு, வெள்ளை எனாமல் இரண்டு கை அடித்ததில் முதல் மூன்று நாள் போய்விட்டது. அதில் சொல்வதற்கு ஒன்றுமில்லை. ஒவ்வொரு கைக்கும் இடையில் ஓர் இரவு முழுக்கக் காய விட்டோம், அவ்வளவுதான்.

வட்டம் போடுவதில் முதல் பாடம் கிடைத்தது. ரீப்பரின் ஒரு முனையில் ஆணியும் 55 சென்டிமீட்டர் தள்ளி ஒரு துளையில் பென்சிலும் வைத்துக் கவராயம் செய்தோம். சுற்றி வந்தபோது தொடங்கிய இடத்துக்கு ஒரு மில்லிமீட்டர் உள்ளே போய் நின்றது. காரணம் நடு ஆணி. பிளைவுட்டின் மேல் அடுக்கு மென்மையானது. ரீப்பரை இழுக்க இழுக்க ஆணி தன் துளையைத் தானே அகலப்படுத்திக்கொண்டது. ஒரு ரூபாய் நாணய அளவுக்கு அலுமினியத் தகடு வெட்டி, நடுவில் பசை போட்டு ஒட்டி, அதில் ஆணி நுனி மட்டும் இறங்கும்படி சிறு துளை போட்டோம். அடுத்த வட்டம் கோட்டின் மேல் கோடாக வந்து விழுந்தது. இவ்வளவு பெரிய வட்டம் போடப்போகிறவர்கள் முதலிலேயே இதைச் செய்துவிடுவது நல்லது.

இனி வட்டத்தை ஏழாகப் பிரிக்க வேண்டும். இந்த வேலையின் உயிரே இங்கேதான் இருந்தது.

ஆறாகப் பிரிப்பது எல்லாருக்கும் தெரியும். ஆரத்தின் அளவை மாற்றாமல் கவராயத்தைச் சுற்றிலும் நடக்கவிட்டால் ஆறாவது அடியில் வந்து சேர்ந்துவிடும். ஐந்துக்கும் வழி உண்டு. ஏழுக்கு இல்லை. 17 பக்க ஒழுங்குப் பலகோணத்தை அளவுகோலும் கவராயமும் மட்டும் கொண்டு வரையலாம் என்று 1796இல் காட்டியவர் ஜெர்மானியக் கணிதர் காஸ். எந்தெந்தப் பலகோணங்களுக்கு அது இயலாது என்பதை 1837இல் நிறுவியவர் பிரெஞ்சுக் கணிதர் வான்செல். இயலாதவற்றில் மிகச் சிறியது ஏழு பக்கம்தான். இதை நான் பிள்ளைகளிடம் சொன்னபோது சின்னவனின் முகம் மலர்ந்ததைப் பார்க்க வேண்டும். “அப்படியென்றால் எழுவாய் உண்மையிலேயே மந்திரச் சக்கரம்தான்” என்றான்.

கோணமானியை எடுத்த எடுப்பிலேயே ஒதுக்கிவிட்டோம். பள்ளிப் பெட்டியில் உள்ள கோணமானியில் அரைப் பாகை பிசகுவது சாதாரணம். 55 சென்டிமீட்டர் ஆரத்தில் அரைப் பாகை என்பது கிட்டத்தட்ட 5 மில்லிமீட்டர். ஆகவே பழைய தோராய முறை ஒன்றைப் பிடித்தோம். வட்டத்துக்குள் சமபக்க முக்கோணம் ஒன்றைப் போட்டு, அதன் பக்கத்தில் பாதியை எடுத்தால் அதுவே ஏழு பக்கப் பலகோணத்தின் பக்கத்துக்கு மிக அருகில் வரும். பத்தாம் நூற்றாண்டில் கைவினைஞர்களுக்கென்றே வடிவியல் நூல் எழுதிய அபுல் வஃபா இந்த முறையைத் தந்திருக்கிறார். ஜெர்மானிய ஓவியர் டியூரர் 1525இல் வெளியிட்ட அளவியல் நூலிலும் இது இருக்கிறது. எங்கள் வட்டத்தில் முக்கோணத்தின் பக்கம் 95.26 சென்டிமீட்டர். பாதி 47.63.

இரண்டாவது ரீப்பரில் ஒரு முனையில் ஆணி அடித்து, மறுமுனையில் ஆணி பதித்த சிறு மரக்கட்டை ஒன்றைக் கிளாம்ப் போட்டு இறுக்கினோம். கட்டையை நகர்த்தினால் அளவு மாறும். 47.63க்கு வைத்து நடக்கவிட்டோம். ஒன்று, இரண்டு, மூன்று என்று ஒவ்வோர் அடிக்கும் சின்னவன் பென்சிலால் குறியிட்டுக்கொண்டே வந்தான். ஏழாவது அடி தொடங்கிய புள்ளியை எட்டவில்லை. இடைவெளியை ஸ்கேல் வைத்துப் பார்த்தேன்; ஏழு மில்லிமீட்டருக்குச் சற்று மேல். தச்சுக் கணக்கில் இரண்டு நூலுக்கும், அதாவது கால் அங்குலத்துக்கும், அதிகம்.

அன்று மாலை எங்கள் தெருக்கோடியில் இருக்கும் ஆசாரியாரிடம் கிளாம்ப்பைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது இதைச் சொன்னேன். கதவு, நிலை, கட்டில் என்று நாற்பது ஆண்டுகளுக்கு மேல் வேலை பார்த்தவர். கையில் இருந்த இழைப்புளியைக் கீழே வைக்காமலே பதில் சொன்னார்: “மிச்சம் வந்தால் அதைக் கடைசிப் பங்கின் தலையில் கட்டக் கூடாது அம்மா. மிச்சத்தை ஏழாகப் பிரித்து, ஒவ்வோர் அடியிலும் ஒரு பங்கைச் சேர்த்து மறுபடி நடக்க விடுங்கள். மூன்றாம் நடையில் வந்து உட்கார்ந்துவிடும்.” கிளாம்ப்பையும் திரும்ப வாங்கிக்கொள்ளவில்லை. வேலை முடியட்டும் என்றார்.

ஏழு மில்லிமீட்டரை ஏழால் வகுத்தால் ஒரு மில்லிமீட்டர். கிளாம்ப்பைச் சற்றுத் தளர்த்தி, கட்டையைச் சுத்தியலின் காம்பால் மெல்லத் தட்டி ஒரு மில்லிமீட்டர் நகர்த்தினேன். இரண்டாம் நடையில் இடைவெளி அரை மில்லிமீட்டருக்கும் குறைவு. மூன்றாம் நடைக்கு ஒரு மயிரிழை நகர்த்தியதும் ஆணி நுனி முதல் புள்ளிக் குழியிலேயே போய் இறங்கியது. அந்த ‘டக்’ என்ற சிறு சத்தத்தை மூவரும் கேட்டோம். பிறகு கணக்குப் போட்டுப் பார்த்தால் இருக்க வேண்டிய அளவு 47.73 சென்டிமீட்டர். எங்கள் ரீப்பரும் அதைத்தான் காட்டியது. கால்குலேட்டரில் தொடங்கியிருந்தால் நேராக இங்கேயே வந்திருக்கலாம். ஆனால் அந்த ஏழு மில்லிமீட்டர் இடைவெளியை நாங்கள் கண்டே இருக்க மாட்டோம்.

அந்த இடைவெளி நீரகத்தின் கதையையே மாற்றிவிட்டது. இதுவரை எழுவாயின் சக்தி அதை வரையும் பூசாரியின் பிறப்பில் இருந்தது. அவர் இன்ன குலம், இன்ன நட்சத்திரம் என்று எழுதி வைத்திருந்தேன். எனக்கே அதில் நிறைவில்லை. அன்றிரவு அந்தப் பக்கத்தைக் கிழித்துவிட்டுப் புதிதாக எழுதினேன். எழுவாயை வரைகிறவர் ஏரித் தளத்தை இரண்டு முறை சுற்ற வேண்டும். முதல் சுற்றுக்குக் குறைச்சுற்று என்று பெயர். ஏழாவது ஊருக்கு எவ்வளவு குறைகிறது என்று கண்டறிவது அதன் வேலை. அடுத்தது பங்குச்சுற்று. அந்தக் குறையை ஏழு ஊரும் சமமாக ஏற்றுக்கொண்ட பிறகே கோடு கிழிக்க வேண்டும். எந்த ஊராவது தன் பங்கை ஏற்க மறுத்தால் சக்கரம் மூடாது, நீர் எழாது. முன்பு ஒரு பஞ்ச காலத்தில் நீர் எழாமல் போனதற்கு நாங்கள் ஏதோ ஒரு சாபத்தைக் காரணமாக வைத்திருந்தோம். இனி அந்தச் சாபம் தேவையில்லை. கடைசி ஊரின் தலையில் இரண்டு நூல் குறையைக் கட்டினார்கள், அவ்வளவுதான்.

அடுத்த நாள், எந்த விண்மீன் என்ற கேள்வி. ஏழு புள்ளிகளை இரண்டிரண்டாகத் தாண்டி இணைத்தால் ஒரு விண்மீன் வரும்; எங்கள் பேச்சில் அது இரண்டாம் வகை. மும்மூன்றாகத் தாண்டினால் இன்னும் கூரான வேறொன்று வரும்; அது மூன்றாம் வகை. ஏழு பகா எண் என்பதால் இரண்டுமே கை எடுக்காமல் ஒரே கோட்டில் முடியும். ஆறு புள்ளி விண்மீனில் இது நடக்காது. அது இரண்டு தனித்தனி முக்கோணங்களாகப் பிரிந்துவிடும். மூத்தவள் இரண்டாம் வகையைக் கேட்டாள், சின்னவன் மூன்றாம் வகையைக் கேட்டான். முடிவு சொன்னது சுவரில் தொங்கிய தினசரி நாட்காட்டி.

அதில் ஓரைகள் போட்டிருக்கும். சூரியன், சுக்கிரன், புதன், சந்திரன், சனி, குரு, செவ்வாய் என்ற வரிசையில் மணிக்கு ஒருவர். ஞாயிற்றுக்கிழமையின் முதல் ஓரை சூரியனுடையது. 24 ஓரைகள் முடியும்போது மூன்று முழுச் சுற்றுப் போக மூன்று மீதி. ஆகவே 25ஆவது ஓரை சந்திரனுக்கு வருகிறது. அதுவே திங்கட்கிழமையின் முதல் ஓரை. இப்படி மும்மூன்றாகத் தாண்டித்தான் ஞாயிறு, திங்கள், செவ்வாய் என்ற கிழமை வரிசையே வருகிறது. ஏழு பேரையும் ஓரை வரிசையில் வட்டமாக எழுதிக் கிழமை வரிசையில் கோடு போட்டால் மூன்றாம் வகை விண்மீன் அப்படியே வந்து நிற்கும். செய்து பாருங்கள், ஒரு நிமிட வேலை.

நீரகத்தில் நம் கோள்கள் இல்லை. அங்கே ஒரு நாளுக்குப் பத்து யாமம், யாமத்துக்கு ஓர் ஊர் ஏரியைக் காவல் காக்கும் என்பது முன்பே உள்ள ஏற்பாடு. பத்தை ஏழால் வகுத்தால் மீதி மூன்று. அதாவது ஒவ்வொரு நாளும் முதல் யாமத்துக் காவல் மூன்று ஊர் தாண்டிப் போய்க்கொண்டிருக்கிறது. ஏழு நாளில் அந்தக் காவல் முறையே எழுவாயை வரைந்து முடித்துவிடுகிறது! இதை நாங்கள் திட்டமிடவில்லை. பத்து யாமம் என்று வைத்தது சின்னவன் ஐந்து வயதில் விரல் விட்டு எண்ணியதால்.

இதைக் கேட்ட பிறகு மூத்தவளும் மூன்றாம் வகைக்கு வந்துவிட்டாள். அவள் பாட்டுக் கற்கிறாள். பழந்தமிழ் இசையின் ஏழு நரம்புகளை, அதாவது ஏழு சுரங்களை, குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்று முனைக்கு ஒன்றாக எழுதினாள். பிறகு நரம்புகள் ஒன்றிலிருந்து ஒன்று பிறக்கும் மரபை நினைவுபடுத்தினாள். குரலில் இளி, இளியில் துத்தம், துத்தத்தில் விளரி, விளரியில் கைக்கிளை. தாரத்தில் உழை, உழையில் குரல். சொல்லச் சொல்ல விரலால் கோடு இழுத்தாள். குரலுக்கும் இளிக்கும் இடையே நான்கு தாண்டல். ஏழு புள்ளியில் நான்கு தாண்டுவதும் எதிர்த் திசையில் மூன்று தாண்டுவதும் ஒன்றுதான். கைக்கிளையிலிருந்து தாரத்துக்கு ஒரு கோட்டைப் போட்டுச் சுற்றை மூடியதும் அதே விண்மீன் வந்தது. நான் சற்று நேரம் பேசவில்லை. அவ்வளவு பழைய பண் அறிவு ஒரு பிளைவுட் பலகையின் மேல் இப்படி எழுந்து நிற்கும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

இதிலிருந்து நீரகத்துக்கு ஒரு சட்டம் பிறந்தது. காவல் முறை, அதாவது நாள், ஒரு திசையில் போகிறது. பாட்டு அதற்கு எதிர்த் திசையில் போகிறது. நாளின் திசையில் எழுவாயை வரைந்தால் நீர் இறங்கும். பாட்டின் திசையில் வரைந்தால் நீர் எழும். வரைகிறவர் ஏழு நரம்பின் பெயரையும் அந்த வரிசையில் பாடிக்கொண்டே கோடிழுப்பார்.

பலகையில் கோடு போட ஒரு மீட்டர் ஸ்கேலை எடுத்தால் போதவில்லை. எதிர் முனைகளுக்கு இடையே 107.2 சென்டிமீட்டர். பக்கத்து வீட்டில் பூச்சு வேலை நடந்துகொண்டிருந்தது. கொத்தனார் சுவரின் மட்டம் பார்க்கும் நீண்ட அலுமினியப் பட்டையை மதிய உணவு நேரத்தில் கேட்டு வாங்கிவந்தோம். அதை வைத்து ஏழு கோடுகளையும் மெல்லிய பென்சிலில் போட்டேன். ஏழு நீளங்களையும் அளந்ததில் அதிக வேறுபாடு அரை மில்லிமீட்டர். இன்னொரு சோதனையும் உண்டு. ஏழு கோணத்தில் மூன்று நீளங்கள்தாம் இருக்கின்றன: அடுத்த முனைக்கு 47.7, இரண்டாவது முனைக்கு 86, மூன்றாவது முனைக்கு 107.2. ஒரு வேலையை ஒருவர் 86 நாளிலும் இன்னொருவர் 107.2 நாளிலும் முடிப்பார் என்றால் இருவரும் சேர்ந்து எத்தனை நாளில் முடிப்பார்கள்? மூத்தவள் பள்ளிக் கணக்கு போலவே போட்டாள். 47.7 நாள். எவ்வளவு பெரிய ஏழு கோணம் வரைந்தாலும் இந்த உறவு மாறாது.

டேப் ஒட்டும் வேலைக்கு வந்தோம். எங்கள் முறை தலைகீழானது. கோடுகள் வெள்ளையாக வர வேண்டும். பலகை ஏற்கெனவே வெள்ளை. ஆகவே ஒவ்வொரு பென்சில் கோட்டின் மேலும் முக்கால் அங்குல டேப்பை நடுப்பிசகாமல் ஒட்டி, பலகை முழுக்கக் கருநீலம் அடித்து, டேப்பை உரித்தால் வெள்ளைப் பட்டைகள் நிற்கும்.

முனைகளில் கவனம் வேண்டும். இந்த விண்மீனின் முனைக் கோணம் 26 பாகைக்கும் குறைவு. இரண்டு பட்டைகள் இவ்வளவு ஒடுங்கிச் சந்திக்கும்போது வெளி ஓரங்கள் வட்டத்தைத் தாண்டி நீண்ட பிறகுதான் ஒன்றுசேரும். எங்கள் பட்டைக்கு அந்த நீட்சி 4.3 சென்டிமீட்டர். முதலில் 58 சென்டிமீட்டர் ஆரமும் ஓர் அங்குலப் பட்டையும் வைத்துச் செய்தித்தாளில் வரைந்தபோது ஏழு முனைகளில் சில பலகையை விட்டே வெளியேறின. 55 என்ற எண் அதன் பிறகு வந்தது. முனையில் இரண்டு டேப்புகளும் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் கிடக்கும். ஸ்டீல் ஸ்கேலை வெளி ஓரத்தோடு சேர்த்துப் பிடித்து, புதிய பிளேடால் மேல் டேப் மட்டும் அறுபடும் அளவுக்கு அழுத்தி இழுத்து, மிச்சத்தைக் கிள்ளி எடுக்க வேண்டும். அதிகம் அழுத்தினால் எனாமலில் வெட்டு விழும். இரண்டாவது முனையில் எனக்கு அப்படி விழுந்தது. இப்போதும் சாய்வெளிச்சத்தில் அது தெரிகிறது.

வண்ணம் டேப்பின் அடியில் கசியும் என்பதைத் துண்டுப் பலகையில் பார்த்தபோதே தெரிந்துகொண்டோம். உரித்தால் ஓரம் ரம்பப் பல் போல இருந்தது. டேப்பின் ஓரத்தைக் கரண்டியின் முதுகால் தேய்த்து ஒட்டினால் பாதி குணமாகிறது. முழுக் குணம் வேறொன்றில் இருந்தது. டேப் ஒட்டிய பிறகு கருநீலம் அடிக்கும் முன், டேப்பின் ஓரங்களில் அடிப்பரப்பின் அதே வெள்ளையை மெல்லியதாக ஒரு கை அடித்துக் காய விட வேண்டும். கசிவதெல்லாம் அந்த வெள்ளையாகவே கசிந்து இடுக்கை அடைத்துவிடுகிறது. அதற்கு மேல் அடிக்கும் நீலத்துக்குப் போக வழி இருப்பதில்லை. டேப்பை உரிக்கும் நேரமும் முக்கியம். நீலம் முழுக்கக் காய்ந்தபின் உரித்தால் விளிம்பு பெயர்ந்து வரும். விரலில் ஒட்டாமல், ஆனால் இன்னும் மென்மையாக இருக்கும்போது, டேப்பைத் தன்மேல் மடித்துத் தாழ்வாக இழுக்க வேண்டும். முதல் பட்டையை மூத்தவள் உரித்தாள். நீலத்துக்குள்ளிருந்து பளிச்சென்று வெள்ளைக் கோடு நீண்டுகொண்டே வந்தது. யாரும் மூச்சுவிடவில்லை.

கடைசி வேலை, பட்டைகளைக் கயிறு போலப் பின்னுவது. எழுவாய் ஒரே கயிறு என்பதால் அது தன்னையே மேலும் கீழுமாகக் கடந்து போக வேண்டும். மொத்தம் 14 சந்திப்புகள். ஒவ்வொரு கோட்டிலும் நான்கு, நான்கும் கோட்டின் நடுப்பகுதியில் நெருங்கி இருக்கின்றன. மேலே போகும் பட்டையின் இரண்டு ஓரங்களிலும் கருநீலத்தில் மெல்லிய கோடு இழுத்தால் கீழே போகும் பட்டை அங்கே அறுபட்டதுபோல் தோன்றும். மேல், கீழ், மேல், கீழ் என்று ஒன்றுவிட்டு ஒன்று வர வேண்டும். சிக்குக் கோலம் போடுகிறவர்கள் கண்ணுக்கு இது உடனே பிடிபடும்.

நான் பாட்டின் வரிசையிலேயே கோடுகோடாகப் போய்க்கொண்டிருந்தேன். கைவலிக்கு நடுவே ஒரு கோட்டைச் சின்னவனிடம் கொடுத்தேன். அவன் மிக அழகாகத் தீட்டினான். ஆனால் பலகையின் மறுபுறத்தில் உட்கார்ந்திருந்ததால் அந்தக் கோட்டை எதிர் முனையிலிருந்து தொடங்கிவிட்டான். மேல், கீழ், மேல், கீழ் என்ற கணக்கு அவன் பக்கத்திலிருந்து சரிதான். கயிற்றின் போக்கில் பார்த்தால் நான்கு சந்திப்பும் தலைகீழ். பக்கத்துக் கோடுகளில் இரண்டு ‘மேல்’ அடுத்தடுத்து வந்தபோதுதான் கண்டுபிடித்தோம். அவன் கண்கள் நிறைந்துவிட்டன. பிளேடின் பின்பக்கத்தால் எட்டுச் சிறு கோடுகளையும் சுரண்டி, 220 உப்புத்தாளை விரல் நுனியில் மடித்துத் தேய்த்து, வெள்ளை தொட்டு, மறுநாள் திரும்பத் தீட்டினோம். தீட்டியது அவன்தான், நான் விளக்கைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன்.

நீரகத்தின் ஏட்டில் அன்று ஒரு வரி சேர்ந்தது: ஏழு பேர் சேர்ந்து எழுவாய் தீட்டும்போது அனைவரும் பாட்டின் திசையிலேயே உட்கார வேண்டும், எதிரே உட்காரக் கூடாது.

எல்லாம் காய்ந்த ஞாயிறு மாலை பலகையை மொட்டை மாடிக்குக் கொண்டுபோனோம். சின்னவன் நூல்கண்டு ஒன்றை எடுத்துவந்து, குரல் முனையில் நுனியை என்னைப் பிடிக்கச் சொல்லிவிட்டு, இளி, துத்தம், விளரி என்று மூத்தவள் பாடப் பாட முனை முனையாக நூலைக் கொண்டுபோனான். ஒவ்வொரு முனையிலும் அவன் கிட்டத்தட்ட முழுதாகத் திரும்ப வேண்டியிருந்தது. ஏழு திருப்பங்களையும் கூட்டினால் மூன்று முழுச் சுற்று. நூல் திரும்ப என் விரலுக்கு வந்து சேர்ந்ததும் அதை வெட்டி நீட்டி அளந்தான். ஏழரை மீட்டர். அதைச் சுருட்டி ஒரு தீப்பெட்டியில் போட்டு, ‘எழுவாயின் நீளம்’ என்று எழுதி வைத்திருக்கிறான்.

மற்றச் சதுரப் பலகை இன்னும் சுவரோரம் சாய்ந்து நிற்கிறது. மூத்தவள் முதலில் கேட்ட இரண்டாம் வகை விண்மீன் அதில் வரும், கோட்டுக்கு 86 சென்டிமீட்டர், சந்திப்பு ஏழே ஏழு. மே விடுமுறையில் தொடங்குகிறோம். ஊருக்குக் கிளம்பும் முன் சின்னவன் அதன் நடுவில் அலுமினியத் தகட்டை ஒட்டிவிட்டுத்தான் பஸ் ஏறினான்.